கலிவோதா வீட்டு வாசலில் ஒரு வெண்கல வாத்து

சொந்த ஊரான ஹராஸ்தோவுக்குப் போகும் வழியெல்லாம் விலேம் கலிவோதா ஒன்றையே சொல்லிக்கொண்டு வந்தார்.

"அந்த வசனத்த நான் சொல்ல மாட்டேன்."

"சரிப்பா," என்றாள் காரை ஓட்டிய மகள் தக்மார்.

"மேயரே கேட்டாலும் சொல்ல மாட்டேன்."

"கேக்காம இருப்பாரா? அதுக்குத்தான கூப்பிட்டிருக்காரு."

"என்னைக் கூப்பிட்டது உங்க தாத்தாவுக்கு நினைவுப் பலகை வைக்க."

சாலையின் இருபுறமும் மீன் பிடித்து முடித்த குளங்கள் சேறும் சகதியுமாக வற்றிக் கிடந்தன. நவம்பரில் வாத்தும் புது ஒயினுமாகக் கொண்டாடும் மார்ட்டின் திருநாளுக்குப் பனி விழும் என்று ரேடியோவில் சொன்னார்கள். விழவில்லை. தூறல்தான்.

விலேமுக்கு எழுபத்தெட்டு வயது. அதில் ஐம்பதுக்கு மேல் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் கழிந்தது. கதாநாயகனாக ஒரு முறை கூட நடித்ததில்லை. கதாநாயகனுக்குத் தந்தி கொண்டு வருவார். ரயிலில் அவனுடைய டிக்கெட்டைச் சோதிப்பார். குழாய் ரிப்பேர் செய்ய வந்து சமையலறையை வெள்ளக்காடாக்குவார். துப்பறியும் தொடர்களில் ஆரம்பத்தில் பொய் சொல்லிவிட்டுக் கடைசியில் அழுவார். கிறிஸ்துமஸுக்குப் போடும் ராஜா ராணிக் கதைகளில் ராஜாவின் காதைக் கடிக்கும் மந்திரி அவர்தான். இதில் அவருக்கு வருத்தம் இருந்ததில்லை. தந்தியை யாராவது கொண்டு வரத்தான் வேண்டும். அதை ஒழுங்காகக் கொண்டு வந்தோம் என்ற நிமிர்வு அவருக்கு உண்டு. பட்டன் போடாத சட்டையுடன் அவர் படப்பிடிப்புக்குப் போனதில்லை. வசனம் மறந்து நின்றதும் இல்லை.

அவரைக் கெடுத்தது ஒரே ஒரு படம். கல்யாண வீடு, வெளியே கடும் பனி, விருந்துக்கு வறுத்து வைத்த வாத்து காணாமல் போகிறது. பெண்ணின் மாமாவாக, வரி அலுவலக குமாஸ்தாவாக விலேம் வருகிறார். படத்தில் அவர் தலை தெரிவது சில நிமிடங்கள்தான். சமையலறைக் கதவைத் திறந்தால் அவர் நிற்கிறார். மோவாயில் நெய் வழிகிறது. எல்லாரும் பார்க்கிறார்கள். மூக்கால் பேசும், சற்றே நடுங்கும் அந்தக் குரலில் அவர் சொல்கிறார்: "நான் சாப்பிடல. மோந்து மட்டுந்தான் பாத்தேன்."

நாடே அந்த வசனத்தைப் பிடித்துக்கொண்டது. குடித்துவிட்டு வீட்டுக்கு வரும் கணவன் அதைச் சொன்னான். லஞ்சத்தில் மாட்டிய அமைச்சரின் படத்துக்கு மேலே பத்திரிகைகள் அதைக் கொட்டை எழுத்தில் போட்டன. விலேம் தாடி வளர்த்துப் பார்த்தார். தாடி முகத்தை மறைத்தது, குரலை மறைக்கவில்லை. தபால் அலுவலகத்தில் வாயைத் திறந்தால் வரிசையே திரும்பியது. பித்தப்பை அறுவைக்குப் படுத்திருந்தபோது, மயக்க மருந்து ஏறுவதற்கு முன்னால் சர்ஜன் முகமூடிக்குள்ளிருந்து, "பயப்படாதீங்க, நாங்க வெட்டல, மோந்து மட்டுந்தான் பாக்கப் போறோம்," என்றார். மனைவியைத் தகனம் செய்த அன்று, தகன மண்டபத்து ஊழியர் ஆறுதல் சொல்லிவிட்டு, கையெழுத்துப் போட ஒரு அட்டையை நீட்டினார். விலேம் போட்டுக் கொடுத்தார். கேட்பவரைத் திருப்பி அனுப்புவது அவர் வீட்டு வழக்கம் இல்லை. ஆனால் படத்துக்கு வெளியே அந்த வசனத்தை அவர் ஒரு முறை கூடச் சொன்னது கிடையாது.

அவருடைய வருத்தம் தன்னைப் பற்றியது அல்ல. பெயரைப் பற்றியது. ஹராஸ்தோவில் கலிவோதா என்றால் மருத்துவர் என்று அர்த்தம். தாத்தா மருத்துவர், அப்பா லெயோபோல்த் மருத்துவர். 1945 ஏப்ரலில், போர் முடியும் தறுவாயில், நாஜி முகாம் கைதிகளை ஏற்றிய ரயில் ஒன்று ஊர் ரயில் நிலையத்தில் நின்றுபோனது. திறந்த பெட்டிகள். உள்ளே இருந்தவர்கள் பாதி உயிர். ஊர் ஜன்னல்களைச் சாத்திக்கொண்டது. டாக்டர் கலிவோதா காவலர்களிடம் போய், டைஃபஸ் காய்ச்சல் அவர்களுக்கும் தொற்றிவிடும் என்று பயமுறுத்தியே ஆட்களை இறக்கினார். சதுக்கத்து வீட்டில் சாப்பாட்டு மேசையை வெளியே தூக்கிப் போட்டுவிட்டு வைக்கோல் பரப்பினார். அவருக்கும் டைஃபஸ் வந்தது. பிழைத்துக்கொண்டார். சில வருடம் கழித்து வந்த கம்யூனிஸ்ட் அரசாங்கம் வீட்டை எடுத்துக்கொண்டு அவரை வேறு ஊர் மருத்துவமனைக்கு மாற்றியது. அதைப் பற்றியும் அவர் பேசியதில்லை, ரயிலைப் பற்றியும் பேசியதில்லை.

மகன் நாடகப் பள்ளிக்குப் போகிறேன் என்றபோது மட்டும் ஒன்று சொன்னார்: "போ. ஆனா வேற பேரு வெச்சுக்காத. நம்ம பேர்லயே செய். அப்பத்தான் பாத்து செய்வ."

விலேம் பார்த்துத்தான் செய்தார். வாத்துப் படம் வருவதற்குள் அப்பா இறந்துவிட்டார். அந்த ஒரு விஷயத்துக்காக மட்டும் விலேம் கடவுளுக்கு நன்றி சொல்வார்.

அந்த வீட்டுச் சுவரில் அப்பா பெயரில் ஒரு பலகை வைக்க வேண்டும் என்று அவர் வருடக்கணக்காக அலைந்தார். ஒவ்வொரு மேயரும் சிரித்துக் கை குலுக்கினார். இருவர் அவருடன் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். பலகை வரவில்லை. இந்த வசந்தத்தில் புது மேயர் ஷ்மேர்தா தானாகவே போன் செய்தார். சைக்கிள் கடை வைத்திருந்த ஆள்; மூத்த கலைஞர்களை 'மாஸ்டர்' என்றுதான் மரியாதையாக அழைப்பார். "மாஸ்டர், உங்கப்பா பலகைய மார்ட்டின் திருநாளன்னிக்கே தொறந்துடுவோம்," என்றார். பலகையில் என்ன எழுத வேண்டும் என்பதை விலேம் இரண்டே வரியில் அனுப்பி வைத்தார்.

*

சதுக்கம் நிரம்பி வழிந்தது. வறுத்த வாத்து, சிவப்பு முட்டைக்கோஸ், ஆவி பறக்கும் மாவு உருண்டைகள், இளம் ஒயின். ஒரு பக்கம் பீர்க் கடை. வெள்ளைக் குதிரையில் புனித மார்ட்டின் வேடம் போட்டவர் சேணத்தில் உட்கார்ந்தபடியே தொத்திறைச்சி தின்றுகொண்டிருந்தார். தொலைக்காட்சி வண்டி ஒன்று தேவாலயத்தை ஒட்டி நின்றது.

கலிவோதா வீட்டின் கீழ்த்தளத்தில் இப்போது கேக் கடை. அதன் ஜன்னலுக்கு மேலே சுவரில் பலகை, நீலத் துணி போர்த்தி. விலேம் தொப்பியைக் கழற்றிக்கொண்டு அதைப் பார்த்தார். பிறகுதான் கீழே பார்த்தார். பலகைக்கு நேர் கீழே இன்னொரு துணி. பெஞ்சு உயரம். ஒரு ஓரத்தில் மட்டும் அது மேலே எழும்பி வளைந்து நின்றது.

"மாஸ்டர்! வாங்க வாங்க!" ஷ்மேர்தா இரண்டு கைகளையும் நீட்டிக்கொண்டு ஓடி வந்தார். "தக்மார் அம்மா, பயணமெல்லாம் நல்லா இருந்துச்சா? ஒயின் குடிச்சீங்களா?"

"இது என்ன?" என்றார் விலேம்.

"எது?"

"துணிக்குக் கீழ."

"ஆ, அது... ஒரு சின்ன சர்ப்ரைஸ்."

"கழுத்து தெரியுது."

மேயர் துணியைக் கொஞ்சம் இழுத்துத் தளர்த்தினார். "காத்து, மாஸ்டர். காத்தடிச்சா ஒட்டிக்குது."

"வாத்து."

"வெண்கலம். உக்காந்து படம் எடுத்துக்கலாம். பெஞ்சுல உங்க வசனத்தப் பொறிச்சிருக்கோம். பிராக்ல இருந்து சிற்பியக் கூட்டியாந்தோம்."

"எங்கப்பா வீட்டு வாசல்லயா?"

"வேற எங்க வைக்கிறது? நீங்க பொறந்த வீடு." ஷ்மேர்தா குரலைத் தாழ்த்தினார். "நான் மனசு விட்டுச் சொல்றேன், கோவிச்சுக்காதீங்க. டாக்டருக்குப் பலகைன்னு சொன்னா யாரு வருவா? நானும் எம் பொண்டாட்டியும் வருவோம். பாதிரியார் வருவாரு, அவருக்கும் அன்னிக்கு வேற ஞானஸ்நானம் இருக்கும். வாத்துன்னு சொன்னேன். பாருங்க, பக்கத்து ஊருக்கெல்லாம் பஸ் விட்டிருக்கோம்."

"எங்கப்பா வாத்துக்குப் பின்னாடி நிக்கிற ஆளில்ல."

"பின்னாடி எங்க மாஸ்டர்? மேல! அவரு மேல, வாத்து கீழ. மரியாதையெல்லாம் குறையாம பாத்துக்கிட்டோம்."

விலேம் மகளைப் பார்த்தார். அவள் ஒயின் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மேயர் மைக்கைச் சரிபார்க்கப் போனதும் விலேம், "வா, போகலாம்," என்றார்.

"எங்க?"

"வீட்டுக்கு."

"அப்பா." தக்மார் கோப்பையைக் கேக் கடை ஜன்னல் விளிம்பில் வைத்தாள். "பள்ளிக்கூடத்துல என்னை என்னன்னு கூப்பிட்டாங்க தெரியுமா? மோந்து பாத்தவர் மக. கல்யாணத்துல மாமனார் அதச் சொல்லித்தான் ஒயின் கோப்பையத் தூக்கினாரு. நான் செத்தா போயிட்டேன்? தாத்தா பேரு அங்க மேல இருக்கு. நீங்க கேட்டது கெடச்சிருச்சு. நாலு வார்த்தை சொல்லுங்க, துணிய இழுங்க, வாத்து தின்னுட்டுக் கெளம்பலாம்."

"அந்த வசனத்தச் சொல்ல மாட்டேன்."

"அத யாரு சொல்லச் சொன்னா? தாத்தாவப் பத்தி சொல்லுங்க."

அது நியாயமாகப் பட்டது. இவ்வளவு பேர் கூடியிருக்கிறார்கள். வாத்துக்காக வந்தவர்கள் ஒரு டாக்டரைப் பற்றித் தெரிந்துகொண்டு போகட்டும். விலேம் கோட்டுப் பட்டன்களைக் கழுத்து வரை போட்டார். உள்பையில் பேச்சு இருந்தது. அவருக்கு அது தேவையில்லை.

முதலில் வாத்தைத் திறந்தார்கள். சதுக்கமே கை தட்டியது. கொழுத்த வாத்து, தலையைச் சாய்த்துப் பெஞ்சில் உட்கார்பவர் முகத்தைப் பார்க்கிற மாதிரி. நல்ல வேலைப்பாடுதான். அது இன்னும் எரிச்சலாக இருந்தது. பிறகு மேயர் நீலத் துணியை இழுத்தார். அதற்கும் கை தட்டினார்கள், கொஞ்சம் குறைவாக.

விலேம் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார்.

*நம் அன்புக்குரிய நடிகர் விலேம் கலிவோதாவின் தந்தை டாக்டர் லெயோபோல்த் கலிவோதா இந்த வீட்டில் வாழ்ந்தார்.*

ஒரு முறை வாசித்தார். மறுபடி வாசித்தார். ரயில் இல்லை. ஏப்ரல் இல்லை. அவருடைய பெயர் முன்னால், பெரிய எழுத்தில். அப்பாவின் பெயர் அதற்குப் பின்னால், அதைவிடச் சின்ன எழுத்தில். ஆயுள் முழுக்க அவர் டாக்டர் கலிவோதாவின் மகனாக இருக்க ஆசைப்பட்டார். இவர்கள் டாக்டர் கலிவோதாவை வாத்துக்காரனின் அப்பாவாக ஆக்கிவிட்டார்கள்.

"நான் அனுப்பினது இதில்ல," என்றார்.

"நகரசபைல கொஞ்சம் திருத்தினாங்க," என்று மேயர் காதருகே சொன்னார். "வாசிக்கிறவனுக்கு யாருன்னு தெரியணும்ல? ரயில் விஷயம் நீளமா இருந்துச்சு, எழுத்து சின்னதாயிடும்னு சொன்னாங்க." மைக்கை அவர் கையில் திணித்தார். "பேசுங்க, மாஸ்டர்."

கூட்டம் அடங்கியது. விலேம் நிமிர்ந்து நின்றார்.

"எங்கப்பா," என்று ஆரம்பித்தார்.

முதல் வரிசையில் நின்றவர்கள் முகம் மலர்ந்தது. அந்தக் குரல். மூக்கால் வரும், சற்றே நடுங்கும் அதே குரல்.

"எங்கப்பா இந்த ஜன்னலுக்குப் பின்னால, சாப்பாட்டு மேசைய வெளிய தூக்கிப் போட்டாரு..."

யாரோ குபீரென்று சிரித்தார்கள். பக்கத்தில் நின்ற பெண், "உஷ், இப்ப வரும் பாரு," என்று தோழியின் கையைப் பிடித்தாள்.

"ரயில்ல வந்தவங்க பசியால..." என்றார் விலேம். பசி என்ற வார்த்தைக்குச் சதுக்கம் அதிர்ந்தது. பீர்க் கடைக்காரர் தொடையில் தட்டிக்கொண்டார். குதிரைமேல் இருந்த மார்ட்டினும் சிரித்தார். அவர்கள் கெட்டவர்கள் அல்ல. அன்பாகத்தான் சிரித்தார்கள். எந்த வார்த்தையைக் கொடுத்தாலும் அந்தக் குரலில் அது வாத்தாகத்தான் அவர்கள் காதில் விழுந்தது. இன்னும் ஒரு வாக்கியம் பேசினால், வைக்கோலில் செத்தவர்களையும் பார்த்துச் சிரிப்பார்கள். அதற்கு இடம் கொடுக்க அவர் தயாராக இல்லை.

மைக்கை மேயரிடம் திருப்பிக் கொடுத்தார். பீர்க் கடைக்குப் போனார்.

"ஸ்க்ரூ டிரைவர் இருக்கா?"

"எதுக்கு, ஐயா?" கடைக்காரர் முகமெல்லாம் பல்.

"இருக்கா, இல்லையா?"

பீர்ப் பீப்பாய்க் குழாயைச் சரிசெய்ய வைத்திருந்த ஒன்று கிடைத்தது. விலேம் திரும்பி வந்து, கைக்குட்டையை விரிக்காமல், துடைக்காமல், பெஞ்சின் மேல் ஷூவோடு ஏறினார். முழங்கால் வலித்தது. பிடித்துக்கொள்ள வேறு எதுவும் இல்லாததால் வாத்தின் தலையைப் பிடித்துக்கொண்டார். கூட்டம் ஆர்ப்பரித்தது.

"அப்பா, இறங்குங்க," என்றாள் தக்மார்.

"பிடிச்சுக்க."

"என்ன பண்றீங்க?"

"தப்பாப் போட்டிருக்காங்க. கழட்டறேன்."

முதல் திருகாணி எளிதாக வந்தது. எத்தனையோ படங்களில் குழாய் ரிப்பேர்காரனாக நடித்த கை. அதை அவர் யோசிக்கவில்லை. கூட்டம் யோசித்துவிட்டது. "குழாய்க்காரர்! அந்த வெள்ளம் வர்ற படம்!" என்று ஒருவர் கத்தினார். தொலைக்காட்சிக் கேமரா அருகே வந்து அண்ணாந்து படம் பிடித்தது.

"மாஸ்டர், நேரலை போயிட்டிருக்கு," என்று மேயர் கீழிருந்து பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார். உடனே மக்கள் பக்கம் திரும்பிச் சிரித்தார். பாதிப் பயம், பாதி மகிழ்ச்சி.

"நல்லது," என்றார் விலேம். "எல்லாரும் பாக்கட்டும்."

கடைசித் திருகாணி கழன்றதும் பலகை கனத்தோடு அவர் மார்பில் சாய்ந்தது. தக்மார் அவர் இடுப்பைப் பிடித்து இறக்கினாள். அவர் ஸ்க்ரூ டிரைவரைக் கடைக்காரரிடம் கொடுத்தார், நன்றி சொன்னார், பலகையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கூட்டத்தின் நடுவே நடந்தார். முதுகு வளையவில்லை. மக்கள் மரியாதையோடு வழி விட்டார்கள்.

பின்னாலிருந்து பீர்க் கடைக்காரர் கேட்டார்: "ஐயா, பலகையத் தூக்கிட்டுப் போறீங்களா?"

விலேம் நடந்துகொண்டே இருந்தார். பதில் சொல்ல வேண்டியிருக்கவில்லை. சதுக்கம் முழுவதும் ஒரே குரலில், மூக்கால், சொல்லியது:

"தூக்கல! மோந்து மட்டுந்தான் பாத்தேன்!"

*

காரில் பலகை அவர் மடியில் இருந்தது.

"இப்ப அங்க ஒண்ணுமே இல்ல," என்றாள் தக்மார். "நாலு ஓட்டையும் ஒரு வாத்தும்."

"இல்லாமலே இருக்கட்டும்."

"தாத்தா பேராவது இருந்துச்சு."

"என் வாலப் புடிச்சுக்கிட்டு இருந்துச்சு."

"உங்க பேரும் அதே பேர்தானப்பா."

அதற்கு அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அவள் சொன்னது சரியாகவும் இருந்தது, தாங்க முடியாததாகவும் இருந்தது.

மாலைச் செய்தியில் கடைசியாக வாத்து வந்தது. பெஞ்சின் மேல் அவர், கையில் ஸ்க்ரூ டிரைவர். மூத்த நடிகர் தனக்கே உரிய குறும்போடும் அடக்கத்தோடும் தன் பெயர் பொறித்த பலகையைத் தானே கழற்றி ரசிகர்களை மகிழ்வித்தார் என்று செய்தி வாசித்த பெண் சொன்னாள். சொல்லி முடிக்கும்போது அவளுக்கும் சிரிப்பில் உதடு துடித்தது. விலேம் தொலைக்காட்சியை அணைத்தார். அவர் வாழ்க்கையில் ஒரே ஒரு முறை நடிக்காமல் ஒரு காரியம் செய்தார். அதையும் நடிப்பில் சேர்த்துவிட்டார்கள்.

திங்கட்கிழமை காலை மேயர் போன் செய்தார்.

"மாஸ்டர்! தூங்கினீங்களா? எங்க ஊருல யாரும் தூங்கல. எல்லாப் பத்திரிகையிலயும் படம். நான் முதல்ல பயந்துட்டேன், ஒத்துக்கறேன். அப்புறந்தான் புரிஞ்சுது, என்ன ஒரு யோசனை! அடுத்த வருஷமும் பண்ணலாமா? நாங்க மாட்டி வைக்கிறோம், நீங்க வந்து கழட்டுங்க. வருஷா வருஷம். பாரம்பரியமாவே ஆக்கிடலாம்."

"நான் நடிக்கல," என்றார் விலேம்.

"அதான் மாஸ்டர்! நடிக்கிற மாதிரியே இல்ல!"

விலேம் போனைக் காதிலிருந்து கொஞ்சம் தள்ளிப் பிடித்தார். வைத்துவிடலாம். வைத்தால் இந்த ஆள் அதையும் நகைச்சுவை என்று ஊரெல்லாம் சொல்வார். பலகை சாப்பாட்டு மேசை மேல், எழுத்துப் பக்கம் கீழே இருக்கும்படி கிடந்தது.

"பேனா இருக்கா?"

"இருக்கு, இருக்கு. சொல்லுங்க."

"புதுப் பலகை. எழுதிக்குங்க. டாக்டர் லெயோபோல்த் கலிவோதா."

"...கலிவோதா. சரி. நடிகரோட அப்பா?"

"வேண்டாம்."

"ஜனங்களுக்கு யாருன்னு எப்படித் தெரியும்?"

"வாசிச்சாத் தெரியும். இந்த ஊரின் மருத்துவர். அடுத்த வரி. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்தைந்து ஏப்ரலில், ரயிலில் வந்த கைதிகளை இந்த வீட்டில் வைத்துப் பார்த்தார். முற்றுப்புள்ளி. விழா வேண்டாம். ஒரு செவ்வாய்க்கெழமை ஆள விட்டு மாட்டுங்க. நான் வர மாட்டேன்."

மறுமுனையில் அடக்கிய மூச்சு ஒன்று வெடித்தது. ஷ்மேர்தா சிரிப்பை அடக்கப் பார்த்துத் தோற்றார்.

"மன்னிச்சுக்குங்க மாஸ்டர், சத்தியமா... விஷயத்துக்குச் சிரிக்கல. அந்த முற்றுப்புள்ளிய நீங்க சொன்ன விதம்... அந்தக் குரல்ல..."

"சிரிச்சு முடிங்க," என்றார் விலேம். "நான் இருக்கேன்."

அவர் நாற்காலியில் உட்காரவில்லை. மேசையருகே நேராக நின்றுகொண்டு, சட்டைக் காலரைச் சரிசெய்தபடி காத்திருந்தார். சிரிப்பு இருமலாகி, இருமல் அடங்கி, மேயர் மூக்கைச் சிந்தும் சத்தம் கேட்டது.

"ம். சொல்லுங்க மாஸ்டர்."

விலேம் முதலிலிருந்து ஆரம்பித்தார்.

"டாக்டர் லெயோபோல்த் கலிவோதா."